சுத்தமாக எழுதிய நோட்டு

கன்டினியூட்டி வேலைக்குப் புதிதாக வந்திருக்கிற உங்களுக்காக எதையாவது எழுதச் சொன்னார்கள். முப்பத்தொரு வருஷ வேலை, இருநூற்றுப் பதின்மூன்று நோட்டு. இத்தனை காலத்தில் என் தப்பு திரை வரை போனது மூன்று முறை. இரண்டு முறை கைக்கடிகாரம் கை மாறியது, ஒரு முறை சட்டையில் மேல் பொத்தான். பார்த்தவர்கள் யாரும் குறை சொல்லவில்லை. நானே கண்டுபிடித்து நானே தூக்கத்தைக் கெடுத்துக்கொண்டேன். நான்காவது தப்பு திரைக்கு வரவே இல்லை. அதுதான் மூன்றையும்விடப் பெரியது, அதனால் அதைச் சொல்கிறேன்.

உங்களுக்குச் செல்போன் இருக்கிறது. ஷாட் முடிந்ததும் நாலு படம் எடுத்துவிடுகிறீர்கள். எங்களுக்கு நோட்டும் பேனாவும்தான். கதாநாயகி வாசலில் செருப்பைக் கழற்றுவதை இன்றைக்கு எடுப்பார்கள். உள்ளே வந்து உட்காருவதைப் பதினோரு நாள் கழித்து எடுப்பார்கள். பூ அதே பக்கம் இருக்க வேண்டும், வியர்வை அதே அளவு இருக்க வேண்டும். அதற்காக ஒவ்வொரு நடிகருக்கும் கட்டம் போட்டு எழுதி வைப்பேன். ஆண் நடிகர் பக்கத்தில் ஒன்பது கட்டம். பெண் நடிகர் பக்கத்தில் இருபத்து மூன்று. பொட்டு, பொட்டின் அளவு, மூக்குத்தி, கம்மல், வளையல் இடது, வளையல் வலது, பூ எத்தனை முழம், முந்தானை எந்தத் தோள் என்று போகும். பெண் என்றால் இருபத்து மூன்று கட்டம் என்பதை நான் பல வருஷம் இயற்கை என்றே நினைத்திருந்தேன்.

2005. சுனாமி வந்துபோன அடுத்த கோடை. மரக்காணம் உப்பளத்தில் ஒரு டிவி தொடருக்குப் படப்பிடிப்பு. உப்பு வாரும் பெண் ஒருத்தி தன் இரண்டு தங்கைகளைக் கரையேற்றும் கதை. யூனிட்டில் முப்பத்து நாலு பேர். கீழ்புத்துப்பட்டில் ஒரு கல்யாண மண்டபத்து மாடியில் எங்களைத் தங்க வைத்திருந்தார்கள். கதாநாயகி பெங்களூர்ப் பெண், இருபத்திரண்டு வயது, நல்ல சிவப்பு. ஒன்பது நாள்தான் தேதி கொடுத்திருந்தார்.

மேக்கப் மேன் கோவிந்து அண்ணன். ஐம்பத்தெட்டு வயது, கை சுத்தமான கலைஞர். ஹேர் டிரெஸ்ஸர் லூர்துமேரி, திண்டிவனத்துக்காரர், அப்போது முப்பத்து மூன்று வயது. இந்தப் பெயரை நான் வேண்டுமென்றே திரும்பத் திரும்ப எழுதப் போகிறேன். லூர்துமேரி.

இந்த இடத்தில் ஒரு வழக்கத்தைச் சொல்லியாக வேண்டும், இன்றைக்கு நீங்கள் நம்ப மாட்டீர்கள். அந்தக் காலத்தில் ஒப்பனைக் கலைஞர்கள் சங்கத்தில் பெண்களுக்கு ஹேர் டிரெஸ்ஸர் கார்டு கொடுப்பார்கள், மேக்கப் கார்டு கொடுக்க மாட்டார்கள். முடி பெண்ணுக்கு, முகம் ஆணுக்கு. நெற்றியில் முடி தொடங்கும் கோடுதான் எல்லை. லூர்துமேரி பின்னல் போடும்போது ஒரு முடி நெற்றியில் விழுந்தால் அதை ஒதுக்கிவிடலாம். பக்கத்தில் பொட்டு கலைந்திருந்தால் அதைத் தொடக் கூடாது, கோவிந்து அண்ணனைக் கூப்பிட வேண்டும். ஏன் என்று நான் ஒருவரையும் கேட்டதில்லை. கார்டு இல்லாமல் எந்த யூனிட்டிலும் நுழைய முடியாது. அந்த ஹேர் டிரெஸ்ஸர் கார்டை வாங்கவே லூர்துமேரிக்கு ஒன்பது வருஷம் ஆனது.

முதல் நாள், திங்கட்கிழமை, காலை ஏழே கால் மணி. கோவிந்து அண்ணன் தன் வழக்கப்படி கதாநாயகிக்குக் கறுப்பு ஏற்றியிருந்தார். நெற்றியும் கன்னமும் கைகளும் ஒரே சீராக இருந்தன. பதினாலு கண்ணாடி வளையல், ஒன்றரை முழம் மல்லிகை, கட்டம் போட்ட சேலை. நான் எல்லாவற்றையும் எழுதி முடித்தேன். வரப்பில் உட்கார்ந்து வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்த உப்பளப் பெண்கள் பதினேழு பேர். நடுவில் இருந்தவர் அஞ்சலை, நாற்பது வயது இருக்கும். கதாநாயகி பாத்தி ஓரம் நடந்து வந்ததும் அவர் சத்தமாகக் கேட்டார்.

"ஏண்டி, இந்தப் பொண்ணு உப்பு வாரப் போவுதா, வளைகாப்புக்குப் போவுதா?"

"மூஞ்சியப் பாரு, தோசைக்கல்ல எடுத்துத் தேச்சிக்கின மாதிரி" என்றார் இன்னொருவர்.

"வளையலோட ஒரு நாளு வாரச் சொல்லுங்க சார். உப்பு உள்ள பூந்து மணிக்கட்ட அறுத்துடும், அப்புறம் டாக்டர் வேஷம் போடறவர வரச் சொல்லணும்."

பதினேழு பேரும் சிரித்தார்கள். டைரக்டர் அவர்களைத் தள்ளி உட்காரச் சொன்னார். எனக்கு எரிச்சலாக இருந்தது, கட்டங்களை நிரப்பியவன் நான்தானே. ஆனால் மானிட்டரில் பார்த்தபோது வேறு ஒரு சங்கடம் தெரிந்தது. உப்பளத்தில் வெளிச்சம் மேலிருந்து மட்டும் வருவதில்லை. கீழே விரிந்து கிடக்கும் வெள்ளையிலிருந்தும் எழும்பி முகத்தில் அடிக்கிறது. கதாநாயகியின் நாடிக்கு அடியில், கழுத்தில், கண்ணுக்குக் கீழே, கறுப்பு ஏறாத இடமெல்லாம் பளீரென்று மின்னியது. முகமூடி மாட்டிய மாதிரி இருந்தது. கேமராமேன் முனகினார். கோவிந்து அண்ணன் இன்னும் ஒரு பூச்சு ஏற்றினார். அது சாம்பல் நிறத்துக்குப் போனது.

முதல் மூன்று நாளும் இதே கதை. அந்த மூன்று நாளும் சாப்பாட்டு வேளையில் லூர்துமேரியை யூனிட் பந்தியில் காணவில்லை. எனக்கு ஆட்களை எண்ணும் பழக்கம் உண்டு, முப்பத்து மூன்றுதான் வந்தது. எட்டிப் பார்த்தால், தூரத்தில் அஞ்சலை பக்கத்தில் வரப்பில் உட்கார்ந்திருப்பார். பேசுகிற மாதிரியும் தெரியாது. அஞ்சலை முகத்தைப் பார்த்துக்கொண்டே இருப்பார். வெயிலில் குடை இல்லாமல் உட்கார்ந்து தலைவலியை வாங்கி வரப்போகிறார் என்று கவலைப்பட்டேன். அவர் என்ன பார்க்கிறார் என்று கவலைப்படவில்லை.

மயங்கி விழுந்தது கோவிந்து அண்ணன். புதன் மதியம், வெயில் தாங்காமல், நாற்காலியோடு சாய்ந்தார். பாண்டிச்சேரி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோய்விட்டு மறுநாள் மாடிக்கு அழைத்து வந்து படுக்க வைத்தார்கள். ஞாயிறு வரை எழுந்திருக்கக் கூடாது என்றார் டாக்டர். விஷயம் வெளியே போகாமல் மேனேஜர் பார்த்துக்கொண்டார்.

வியாழன் காலை உப்பளத்தில் எல்லோரும் நின்றோம். மெட்ராஸிலிருந்து வேறு மேக்கப் மேன் வர இரண்டு நாள் ஆகும் என்றார்கள். கதாநாயகிக்கு மீதி ஆறு நாள். டைரக்டர் தலையில் கை வைத்துக்கொண்டு ஒரு கூடை மேல் உட்கார்ந்தார்.

"நான் போடறேன் சார்" என்றார் லூர்துமேரி.

மேனேஜர்தான் முதலில் வாய் திறந்தார். "தெரிஞ்சிதுன்னா உன் கார்டு போயிடும்மா."

"தெரியும் சார்."

"அப்புறம் தலையும் பின்ன முடியாது, ஒண்ணும் முடியாது."

"தெரியுங்க சார். பொண்ண உக்காரச் சொல்லுங்க."

டைரக்டர் எல்லோரையும் ஒரு சுற்றுப் பார்த்தார். "இது இங்கேயே இருக்கட்டும்" என்றார். அதுதான் அனுமதி.

லூர்துமேரி முதலில் செய்தது, இருந்ததை எல்லாம் எடுத்தது. பூ, வளையல், பெரிய பொட்டு. பிறகு முகத்துக்கு வந்தார். எல்லோரும் மேலிருந்து கீழே பூசுவார்கள். அவர் நாடிக்கு அடியில் தொடங்கினார். கன்டினியூட்டிக்கு வேண்டுமென்பதால் நான் பக்கத்தில் நின்று ஒவ்வொன்றாகக் கேட்டு எழுதினேன். மொத்தம் பதினோரு படி.

"ஏம்மா, நாடிக்கு அடியில யாரு பாக்கப் போறாங்க?"

"இவங்க மூஞ்சி மேலேர்ந்து கருக்கல சார். கீழேர்ந்து கருத்திருக்குது. உப்பு பளபளன்னு அடிக்குது இல்ல? நமக்கு நெழலா இருக்கிற எடந்தான் இவங்களுக்குக் காஞ்சி போயிருக்குது."

கண் ஓரத்தில் மெல்லிய கோடுகளை மட்டும் வெறுமையாக விட்டார். நான் விட்டுப்போனதாக நினைத்துச் சுட்டிக்காட்டினேன்.

"அது அப்படியே இருக்கணும் சார். நாள் பூரா கண்ணச் சுருக்கிக்கினே வாருறாங்க. சுருக்கத்துக்குள்ள வெயில் போவாது. அவங்க கண்ணத் தொறந்தா அந்தக் கோடு மட்டும் வெளுப்பாத் தெரியும். நீங்க பாக்கலயா?"

நான் அந்தப் பதினேழு பேரையும் மூன்று நாளில் குறைந்தது முப்பது முறை எண்ணியிருப்பேன். பார்க்கவில்லை.

கதாநாயகியே கேட்டு அஞ்சலையிடம் ஒரு பழைய முழுக்கைச் சட்டை வாங்கிச் சேலை மேல் போட்டுக்கொண்டார். அஞ்சலையின் வீட்டுக்காரர் சட்டை. தலையில் ஒரு துண்டு. டைரக்டர் பார்த்துவிட்டுத் தயங்கினார்.

"நல்லாத்தாம்மா இருக்குது. ஆனா பொம்பள மாதிரியே இல்லியே. சேனல்ல இன்னா சொல்லுவாங்களோ."

லூர்துமேரி கையிலிருந்த பஞ்சைக் கீழே வைக்காமலே சொன்னார். "அங்க நிக்கிறாங்களே பதினேழு பேரு, அவங்க பொம்பளைங்க இல்லியா சார்?"

டைரக்டர் திரும்பிப் பார்த்தார். நானும் பார்த்தேன். பதினேழு சட்டை, பதினேழு தலைத்துண்டு. ஒரு வளையல் இல்லை. என் நோட்டைக் குனிந்து பார்த்தேன். இருபத்து மூன்று கட்டத்தில் பதினைந்து காலி. ஒவ்வொன்றிலும் காலி என்று எழுதினேன். காலி என்று எழுதுவதும் ஒரு குறிப்புத்தான் என்பதை அன்றைக்குத்தான் கற்றேன்.

கதாநாயகி நடந்து வந்தார். இந்த முறை சிரிப்பில்லை. அஞ்சலை எழுந்து வந்து, கட்டை விரலால் கதாநாயகியின் நாடியை மெல்லத் தூக்கி, அடியில் எட்டிப் பார்த்தார்.

"ஏய், இங்க கூட வெச்சிருக்குதுடி" என்று மற்றவர்களிடம் சொன்னார். பிறகு லூர்துமேரியைப் பார்த்து, "நீ மூணு நாளா என் மூஞ்சியவே பாத்துக்கினு இருந்தது இதுக்குத்தானா? நான் இன்னாடான்னா, கொழம்பு கேக்க வெக்கப்படறேன்னு நெனச்சிக்கினு இருந்தேன்."

"கொழம்பும் கேக்கலாம்னுதான் இருந்தேன் அக்கா."

அன்றைக்கு எடுத்த முதல் ஷாட்டை மானிட்டரில் பார்த்தபோது கேமராமேன் ஒன்றும் சொல்லவில்லை. குறை இல்லாவிட்டால் அவர் பேச மாட்டார். அந்தப் பெண் உப்பு வாரிக்கொண்டிருந்தார், அவ்வளவுதான். நடித்துக்கொண்டிருக்கிறார் என்றே தோன்றவில்லை. எத்தனையோ பெரிய கலைஞர்களின் கையைப் பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறேன். ஒரு முகத்தைப் போடுவதற்கு முன் இன்னொரு முகத்தை மூன்று நாள் உட்கார்ந்து பார்த்தவர் என் கணக்கில் ஒருவர்தான்.

வியாழன், வெள்ளி, சனி. மூன்று நாளும் லூர்துமேரிதான் போட்டார். மூன்று நாளும் பக்கத்தின் தலையில் "ஒப்பனை: லூர்துமேரி" என்று எழுதினேன். கெட்டிக்காரத்தனம் ஒன்றுமில்லை. யார் போட்டார்களோ அவர் பெயரை எழுதுவது என் பழக்கம்.

சனி மாலை வேனில் திரும்பும்போது, நாளைக்கு விடுமுறை, திங்கட்கிழமை சங்கத்துக்காரர் கார்டு பார்க்க வருகிறார் என்று மேனேஜர் அறிவித்தார். லூர்துமேரி எனக்கு முன் இருக்கையில் இருந்தார். சீப்புப் பெட்டியை மடியில் இறுக்கிப் பிடித்துக்கொண்டு திரும்பினார்.

"சார், நான் போட்டது நோட்டுல ஏறியிருக்குதுங்களா?"

"ஏறியிருக்கும்மா."

"பேரோடயா?"

"பேரோடதான்."

அவர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். பாவம், பயப்படுகிறார் என்று முடிவு கட்டினேன். ஒன்பது வருஷம் காத்திருந்து வாங்கிய கார்டு என் கையெழுத்தால் போகப்போகிறது. ஏம்மா கேட்கிறாய் என்று ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். இடையில் ஒரே ஒரு இருக்கைத் தூரம். கேட்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை ஏழு மணிக்குப் புது நோட்டு ஒன்றை எடுத்து உட்கார்ந்தேன். பழைய நோட்டில், முன்பு மெட்ராஸில் எடுத்ததையும் சேர்த்து, அறுபத்து நாலு பக்கம் எழுதியிருந்தது. அவர் பெயர் இருந்த கடைசி நாலு பக்கத்தை மட்டும் கிழித்தால் பக்க எண் காட்டிக்கொடுக்கும், நான் முதல் நாளே எல்லாப் பக்கத்துக்கும் எண் போட்டுவிடுவேன். அதனால் அறுபத்து நாலையும் திரும்ப எழுதினேன். லூர்துமேரி என்று இருந்த இடத்தில் எல்லாம் கோவிந்து என்று எழுதினேன். அடித்தல் இல்லை, மைச் சொட்டு இல்லை, வியர்வைக் கறை இல்லை. மாலை நாலு மணிக்கு முடித்தபோது எனக்கே பெருமையாக இருந்தது. என் வாழ்நாளிலேயே அவ்வளவு அழகாக எழுதியதில்லை. ஒரு பெண்ணைக் காப்பாற்றிவிட்டோம் என்ற திருப்தியில் அன்றைக்கு இரண்டு தோசை அதிகம் சாப்பிட்டேன். அவரிடம் சொல்லவில்லை. நல்ல காரியத்தைச் சொல்லிக் காட்டக் கூடாது என்று வேறு நினைத்துக்கொண்டேன்.

பழைய நோட்டைத் தூக்கிப் போட மனம் வரவில்லை. எதையுமே தூக்கிப் போட எனக்கு மனம் வராது. பிளாஸ்டிக் பையில் சுற்றி, மாத்திரை டப்பாவுக்கும் டிபன் பாக்ஸுக்கும் நடுவில் வைத்தேன்.

திங்கட்கிழமை கோவிந்து அண்ணன் எழுந்து வந்தார், ஆனால் கை நடுங்கியது. அன்றைக்கும் முகத்தை லூர்துமேரியே போட்டார். அண்ணனைப் பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார வைத்தார்கள். கேட்டால் நான்தான் போட்டேன் என்று சொல்ல வேண்டும் என்பது மேனேஜரின் ஏற்பாடு. அண்ணன் தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டிருந்தார்.

பதினோரு மணிக்குச் சங்கத்துக்காரர் வந்தார். இருபது வருஷம் மேக்கப் போட்டுவிட்டுச் சங்கப் பொறுப்புக்கு வந்தவர். கார்டுகளைப் பார்த்துவிட்டு, கிளம்பும்போது கதாநாயகி முகத்தைப் பார்த்து நின்றார்.

"அண்ணே, இது உங்க கை மாதிரி இல்லியே?"

கோவிந்து அண்ணன் குனிந்தே இருந்தார். "அண்ணன்தாங்க போட்டாரு" என்றார் மேனேஜர்.

"நான்தாங்க போட்டேன்."

வேனுக்குப் பின்னாலிருந்து லூர்துமேரி வந்தார். கையில் சீப்பு.

"இன்னியோட நாலு நாளு. அண்ணனுக்கு ஒடம்பு சரியில்ல. கன்டினியூட்டி சார் நாள்வாரியா எழுதி வெச்சிருக்காரு, பாருங்க."

சங்கத்துக்காரர் என்னிடம் கையை நீட்டினார். என் கையில் புது நோட்டு இருந்தது. கொடுத்தேன். வேறு என்ன செய்வது என்று தெரியவில்லை. அவர் புரட்டிச் சத்தமாகப் படித்தார்.

"வியாழன். ஒப்பனை, கோவிந்து. வெள்ளி. ஒப்பனை, கோவிந்து. சனி. கோவிந்து." நிமிர்ந்தார். "ஏம்மா, பெரியவர் செஞ்ச வேலைய உன் வேலைன்னு சொல்றியா? இது வேற தப்பாச்சே."

லூர்துமேரி என்னைப் பார்த்தார். கோபமாகப் பார்த்திருந்தால் தாங்கியிருப்பேன். "பேரோட ஏறியிருக்குதுன்னு சொன்னீங்களே சார்" என்றார். அவ்வளவுதான்.

தம்பி தங்கைகளே, நெருக்கடி என்றால் மழை வருவதும் ஜெனரேட்டர் நிற்பதும் என்று நினைப்பீர்கள். இதுதான் நெருக்கடி. நான் பேசாமல் இருந்தால் அவருடைய கார்டு போகும், கூடவே பொய்க்காரி என்ற பெயரும் வரும். பேசினால் கார்டு போகும், என் பெயரும் போகும். இந்தத் தொழிலில் எனக்கு இருந்த ஒரே சொத்து, அந்த ஆள் நோட்டில் பொய் எழுத மாட்டான் என்ற பேச்சு. அதை ஒரு ஞாயிற்றுக்கிழமையில் நானே அழித்திருந்தேன். அழிந்ததைக் காப்பாற்றுவதா என்று தோன்றியது. பையைத் திறந்தேன். டிபன் பாக்ஸ் கீழே விழுந்து உருண்டது. பிளாஸ்டிக் பையை அவிழ்த்து, பழைய நோட்டை எடுத்து நீட்டினேன்.

சங்கத்துக்காரர் இரண்டையும் இரண்டு கையில் பிடித்தார். "ரெண்டுல எது சார் பொய்?"

"சுத்தமா எழுதினது" என்றேன்.

பழைய நோட்டின் பக்கங்கள் உப்பில் ஒட்டிக்கொண்டிருந்தன. விரலை நக்கிப் பிரித்தார், உப்புக் கரித்து முகம் சுளித்தார். அறுபத்தோராம் பக்கத்திலிருந்து படிக்கத் தொடங்கினார். முதலில் அதிகாரி குரலில் படித்தார். மூன்றாம் படி, நாலாம் படி போகப் போகக் குரல் இறங்கியது. "சுருக்கத்துக்குள் பூசக் கூடாது" என்ற இடத்தில் நிறுத்தி, இன்னொரு முறை வாய்க்குள் படித்தார். கதாநாயகியிடம் போய் நாடிக்கு அடியில் குனிந்து பார்த்தார். வரப்பில் உட்கார்ந்திருந்த அஞ்சலையின் முகத்தையும் பார்த்தார்.

"இன்னா சார், என் கார்டும் பாக்கணுமா?" என்றார் அஞ்சலை.

சங்கத்துக்காரர் கோவிந்து அண்ணன் பக்கம் திரும்பினார். "அண்ணே, இத நீங்க போடுவீங்களா?"

கோவிந்து அண்ணன் அப்போதுதான் தலையைத் தூக்கினார். "இந்தப் பொண்ணு சொல்லிக் குடுத்தா போடுவேன்" என்றார். ஐம்பத்தெட்டு வயது, முப்பத்து நாலு பேர் முன்னால். அந்த வார்த்தைக்காக அவரை நான் இன்றைக்கும் கும்பிடுகிறேன்.

சங்கத்துக்காரர் இரண்டு நோட்டையும் மூடி என்னிடம் கொடுத்தார். பிறகு, "விதின்னு ஒண்ணு இருக்குது" என்று சொல்லி, லூர்துமேரியின் கார்டை வாங்கிச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார். மூன்று மாதம் வேலைத் தடை. என்னைப் பற்றியும் எழுதிக்கொண்டு போனார்.

மீதி இருந்த வேலைக்குக் கோவிந்து அண்ணன் முகம் போட வேண்டும். லூர்துமேரி உடனே கிளம்பிப் போயிருக்கலாம். போகவில்லை. மாலை வரை இருந்தார். முகத்தைத் தொடக் கூடாது என்பதால் மூன்றடி தள்ளி, இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றார்.

"அண்ணே, இன்னும் கீழ. கழுத்து மடிப்பு வரைக்கும்."

"இங்கயாம்மா?"

"இன்னும் கொஞ்சம். ஆங். இப்ப மேல தேச்சிட்டு வாங்க."

அவர் கை நடுங்க நடுங்கப் பூசினார். இவர் வாயாலேயே வரைந்தார். மறுநாள் முதல் அந்தப் பதினோரு படியும் கோவிந்து அண்ணனுக்கு வந்துவிட்டது. என் பழைய நோட்டைத் திறந்து வைத்துக்கொண்டு பள்ளிப் பிள்ளை மாதிரி ஒவ்வொன்றாகச் செய்தார்.

அந்தத் திங்கட்கிழமை மாலை திண்டிவனம் பஸ்ஸுக்காக லூர்துமேரியோடு மரக்காணம் பஸ் நிலையத்தில் நின்றேன். பஸ் தவறிவிடுமோ என்ற பயத்தில் நாற்பது நிமிஷம் முன்னாலேயே அவரை இழுத்துக்கொண்டு வந்திருந்தேன்.

"மன்னிச்சிடும்மா. உனக்கு நல்லது செய்றேன்னு நெனச்சேன்."

"தெரியும் சார்."

"அண்ணன்தான் போட்டாருன்னு விட்டிருந்தா கார்டு இருந்திருக்குமே. எதுக்கும்மா முன்னால வந்து சொன்னே?"

"எனக்கு மேக்கப் கார்டு வேணும் சார். என்னிக்காவது ஒரு நாளு பொம்பளைங்களுக்கும் குடுப்பாங்க இல்ல? அன்னிக்குப் போய் நின்னா, அனுபவம் இருக்குதான்னு கேப்பாங்க. இருபது பொம்பளைங்களாவது ஒளிச்சி ஒளிச்சி மேக்கப் போட்டிருக்காங்க, எனக்கே தெரியும். ஒருத்தி பேரும் எங்கயும் எழுத்துல இல்ல. என் பேரு ஏறினது உங்க நோட்டுலதான் சார். வேன்ல நீங்க பேரோடதான்னு சொன்னதும், எனக்கு அழுவ வந்திடிச்சி. அதான் திரும்பிக்கினேன்."

"இத அப்பவே சொல்லியிருக்கக் கூடாதாம்மா?"

"நீங்க கேக்கலயே சார்."

பஸ் வர இருபத்தெட்டு நிமிஷம் இருந்தது. எதிரே ஒரு ஜெராக்ஸ் கடை. பழைய நோட்டின் அறுபத்தொன்று முதல் அறுபத்து நாலு வரை பிரதி எடுத்து, நாலிலும் கையெழுத்துப் போட்டு, தேதியும் இடமும் எழுதிக் கொடுத்தேன். அசலில் ஒட்டியிருந்த உப்புப் பரல்கள் பிரதியில் சின்னச் சின்னக் கறுப்புப் புள்ளிகளாக விழுந்திருந்தன. வேறு நல்ல பிரதி எடுக்கலாமா என்று பதறினேன். "இருக்கட்டும் சார், இதுதான் நல்லா இருக்குது" என்று நாலாக மடித்துச் சீப்புப் பெட்டியில் வைத்துக்கொண்டார்.

தொடர் டிவியில் வந்தது. டைட்டிலில் ஒப்பனை என்ற இடத்தில் கோவிந்து என்று போட்டார்கள். லூர்துமேரி பெயரே இல்லை. எனக்கு ஏழு மாதம் யாரும் வேலை தரவில்லை. எட்டாம் மாதம் கூப்பிட்ட டைரக்டர், "ரெண்டு நோட்டு எழுதுவீங்களாமே, எனக்கு ஒண்ணு போதும்" என்றார். சிரித்துக்கொண்டே வாங்கிக்கொண்டேன், அந்தப் பேச்சு எனக்கு வேண்டியதுதான்.

அதற்குப் பிறகு பல வருஷம் கழித்துத்தான் பெண்களுக்கும் மேக்கப் கார்டு என்று ஆனது. விண்ணப்பத்தோடு லூர்துமேரி அந்த நாலு தாளையும் வைத்தார். சாட்சிக் கையெழுத்துப் போட்டவர் கோவிந்து அண்ணன். அப்போது அவருக்குக் கண் சரியாகத் தெரியாது. லூர்துமேரி அவர் விரலைப் பிடித்து இடத்தைக் காட்டினாராம். அண்ணன், "இன்னும் கீழயாம்மா?" என்று கேட்டாராம்.

உங்களுக்கு நான் சொல்ல வேண்டியது இவ்வளவுதான். மரக்காணத்துக்குப் பிறகு என் நோட்டில் ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே எண்ணிக்கைக் கட்டம்தான், பன்னிரண்டு. பதின்மூன்றாவதாக ஒன்றைச் சேர்த்தேன்: செய்தவர் யார். பின்னலை முடிந்த உதவியாளர், கறையைத் தோய்த்தவர், காயத்தை வரைந்தவர், எல்லோர் பெயரும் அதில் ஏற வேண்டும். அதைக் காலியாக விடாதீர்கள். அதைவிட முக்கியம், இரக்கப்பட்டு அதில் வேறு பெயரை எழுதாதீர்கள். எழுதத் தோன்றினால், முன் இருக்கையில் இருப்பவரைத் தொட்டுக் கூப்பிட்டு ஒரு வார்த்தை கேளுங்கள்.

போன மாதம் உங்களில் ஒரு பெண் எனக்குப் போன் செய்தார். புதுப் படத்தில் கன்டினியூட்டியாகச் சேர்ந்திருக்கிறாராம். "எங்க மேக்கப் சீஃப் ரொம்ப ஸ்ட்ரிக்ட் சார். தினமும் காலையில என் ஷீட்ட வாங்கிப் பாக்குறாங்க. முகத்தப் பத்தி எழுதினதப் பாக்குறதே இல்ல. கடைசிக் கட்டத்த மட்டும் பாக்குறாங்க. நேத்து ஒரு ஹெல்பர் பொண்ணு பேர விட்டுட்டேன், எல்லார் முன்னாலயும் நிக்க வெச்சி எழுத வெச்சாங்க. அந்தக் கட்டம் அவ்வளவு முக்கியமா சார்?" என்று கேட்டார்.

சீஃப் பெயர் என்ன என்று கேட்டேன். சொன்னார். எழுதிக்கொண்டேன்.